வயிறு: இசோகாய் கியோமி

இசோகாய் கியோமியின் வயிற்றைப் போல அடக்கமான வயிற்றை என் தொழிலில் நான் கண்டதில்லை. பசித்தாலும் கத்தாது, நிறைந்தாலும் முனகாது. நான் ஒலிப்பதிவாளன். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்துகொண்டு அந்தப் பக்கம் நிற்கிறவர்களின் மூச்சு, எச்சில் விழுங்கல், சட்டை உரசல் எல்லாவற்றையும் கேட்பதுதான் என் பிழைப்பு. அப்படிப்பட்ட நான் சொல்கிறேன், அந்தப் பெண்ணுடையது தங்கமான வயிறு. அதற்குத்தான் நாடு முழுக்கச் சத்தக்கார வயிறு என்று பெயர். பழி ஓரிடம், பாவம் ஓரிடம்.

நீகாதாவில் அவளுடைய அப்பா பஸ் ஓட்டினார். பள்ளிக்கூடத்தில் மதியச் சாப்பாட்டு நேரத்து அறிவிப்புகளை வாசித்தபோது யாரோ ஓர் ஆசிரியர் "நல்ல குரல்" என்று சொல்லித் தொலைத்தார். ஊருக்கு நூறு பெண்களை டோக்கியோவுக்கு ரயிலேற்றி விடுவது இந்த ஒரு வாக்கியம்தான். கியோமியும் ஏறினாள். குரல் நடிப்புப் பள்ளியில் இரண்டு வருஷம் இருந்துவிட்டு, ஒரு சிறிய முகவர் நிறுவனத்தில் சேர்ந்து, இருபத்தைந்து வயதில் எங்கள் ஸ்டூடியோவின் கனமான கதவருகே உள்ள கடைசி நாற்காலிக்கு வந்து சேர்ந்தாள். புதிதாய் வருகிறவர்களுக்கு அந்த நாற்காலிதான். மூத்தவர்கள் வரும்போது எழுந்து கதவைத் திறக்க வேண்டும். மாலை ஆறு மணி ஆனாலும் "காலை வணக்கம்" சொல்ல வேண்டும். மற்ற நேரத்தில், இருப்பதே தெரியாமல் இருக்க வேண்டும்.

காலையில் நகானோவில் ஒரு பென்தோ கடையில் சாப்பாட்டுப் பெட்டி கட்டுவாள், மதியம் இங்கே கும்பல் சத்தம் போடுவாள். திருவிழாக் கூட்டம், தீப்பிடித்த ஊர், ரயிலுக்குக் காத்திருப்பவர்கள், எல்லாவற்றுக்கும் அவளைப் போல ஆறேழு பேர் மைக்குகளைச் சுற்றி நின்று "ஐயோ, ஆஹா" என்பார்கள். படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது கடைசியில் அவள் பெயர் வரும். கிராமத்துப் பெண் 'ஆ', மாணவி 'இ', நர்ஸ். அவளுக்கு ஆசை ஒன்றே ஒன்றுதான். ஒரு முறையாவது பெயர் உள்ள ஒரு பெண்ணுக்குக் குரல் கொடுக்க வேண்டும். கதாநாயகியாக இருக்க வேண்டும் என்றுகூட இல்லை. யாராவது படத்தில் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் போதும்.

1991 அக்டோபரில் அது நடந்தது. ஞாயிற்றுக்கிழமை காலையில் வரும் குழந்தைகள் அனிமே ஒன்றின் மூன்றாவது பகுதியைப் பதிவு செய்துகொண்டிருந்தோம். மலையிலிருந்து இறங்கி வந்து ஒரு முடிதிருத்தும் கடையின் பின்கட்டில் தங்கிவிடும் பாறைப் பூதத்தின் கதை. பூதத்தின் பெயர் இவாமோ. அது பேசாது. ஆழ்ந்த காரணமெல்லாம் இல்லை, அதற்கு ஒரு நடிகரைப் போடத் தயாரிப்பாளருக்கு மனமில்லை.

மலைத் தேவதையாகப் பேசியவர் கமோஷிதா சுமியே. அவரை எல்லோரும் 'சென்செய்', அதாவது குரு என்றுதான் சொல்வோம். ஆங்கில நடிகை டொரொத்தி ஹால்டேன் ஜப்பானிய மொழியில் வாய் திறந்தால் வருவது சென்செயின் குரல்தான். ஹால்டேன் அரசியாக வந்தாலும் கொலைகாரியாக வந்தாலும் நம் மக்கள் கேட்டது கமோஷிதாவை. ஹால்டேனே ஒருமுறை டோக்கியோ வந்து சொந்தக் குரலில் பேசியபோது, "இந்தம்மாவுக்குத் தொண்டை கட்டியிருக்கு போல" என்று என் மனைவி வருத்தப்பட்டாள்.

அன்றைக்கு சென்செய் இரண்டாம் மைக்கில் நின்றார். கும்பல் சத்தத்துக்காகக் கியோமி மூன்றாம் மைக்கில் காத்திருந்தாள். இருபது பேர் மூச்சைப் பிடித்துக்கொண்டிருக்க, சென்செய் அந்தப் பட்டுக் குரலில் சொன்னார்.

"கேள். மலை மௌனமாக இருக்கிறது."

உடனே ஒரு வயிறு கத்தியது. சாதாரணக் கத்தல் அல்ல. பழைய மரக்கதவை இழுப்பது போலத் தொடங்கி, நடுவில் உருண்டு, கடைசியில் ஏதோ கேள்வி கேட்பது போல மேலே போய் நின்றது. என் முன்னால் ஒலி அளவைக் காட்டும் முட்களில் இரண்டாம் மைக்கின் முள் துள்ளிக் குதித்தது. மூன்றாம் மைக்கின் முள் சற்றே அசைந்து படுத்துக்கொண்டது.

ஒலி இயக்குநர் நெகிஷி என் பக்கத்திலிருந்து, உள்ளே பேசும் பொத்தானை அழுத்தி, "யாரு அது?" என்றார்.

உள்ளே பத்தொன்பது பேர் தங்கள் வசனத் தாளை வாழ்க்கையில் முதல் தடவை பார்ப்பது போலப் பார்த்தார்கள். சென்செய் மட்டும் நிமிர்ந்தே நின்றார், மலை போல. இந்த மாதிரி நேரத்தில் எங்கள் தொழிலில் யோசிக்க ஒன்றுமில்லை. கடைசியாகச் சேர்ந்தவர் யாரோ அவர் வயிறுதான்.

கியோமி இடுப்பு மடிய வணங்கினாள். "மன்னிக்கணும்! அது நான்தான். ரொம்ப ரொம்ப மன்னிக்கணும்!"

சென்செய் திரும்பிப் பார்த்துக் கனிவாகக் கேட்டார். "பாவமே, காலையில ஒண்ணும் சாப்பிடலயாம்மா?"

"இல்லீங்க சென்செய்" என்றாள் கியோமி. கடையில் மூன்று சோற்றுருண்டை தின்றுவிட்டு வந்தவள்.

நான் ஒன்றும் சொல்லவில்லை. சத்தத்தைப் பிடிப்பதுதான் என் வேலை, அது யாருடையது என்று தீர்ப்புச் சொல்வது அல்ல. அப்படித்தான் அன்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். வயது இருபத்தெட்டு, கல்யாணம் ஆகிப் பத்து மாதம், கமோஷிதா சுமியேயின் வயிற்றைக் காட்டிக்கொடுத்துவிட்டு எந்த ஸ்டூடியோவில் போய் வேலை கேட்பது?

நெகிஷி அந்த இடத்தை மறுபடி ஓடவிடச் சொன்னார். மூன்று தடவை கேட்டார். "தெராவோ, நல்லா இருக்கே இது" என்றார் என்னிடம். "படத்துல இந்த இடத்துல இவாமோ சும்மாதான நிக்கறான்? அவன் வயித்துல வெச்சிடு."

வைத்தேன். ஒளிபரப்பான அடுத்த வாரம் குழந்தைகளிடமிருந்து கடிதங்கள் மூட்டையாக வந்தன. மலைத் தேவதையைப் பற்றி ஒரு வரி இல்லை. எல்லாம் வயிற்றைப் பற்றித்தான். வாராவாரம் இவாமோவுக்குப் புதுக் கத்தல் வேண்டும் என்று நெகிஷி கியோமிக்கு ஆளனுப்பினார். அவள் வந்து கதவைத் திறந்ததும், "வாம்மா, வயித்தயும் கூட்டிட்டு வந்தியா?" என்று கேட்டார். ஸ்டூடியோ சிரித்தது. சென்செயும் கையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தார்.

ஆனால் கியோமியின் வயிறு ஒத்துழைக்கவில்லை. ஒரு நாள் பட்டினி கிடந்து வந்தாள், ஒன்றுமில்லை. இரண்டு நாள் கிடந்தாள், தலை சுற்றியதே தவிர வயிறு வாய் திறக்கவில்லை. உண்மையைச் சொல்லவும் முடியாது. சொன்னால் அடுத்த கேள்வி, "அப்ப அன்னிக்கு யாரு?" கடைசியில் அவள் ஒரு கரோக்கே அறையை மணிக்கணக்கில் எடுத்துக்கொண்டு, தொண்டையை அடைத்து, காற்றை விழுங்கி, அந்தச் சத்தத்தை வாயாலேயே செய்யப் பழகினாள். பாட்டே போடாமல் உள்ளேயிருந்து வந்த சத்தத்தைக் கேட்டு, கடைக்காரர் கதவைத் தட்டி ஆம்புலன்ஸ் வேண்டுமா என்று விசாரித்தாராம். பத்தே நாளில் கதவு இழுபட்டது, உருண்டது, கேள்வி கேட்டது. இத்தனை கஷ்டப்பட்டு அவள் கற்றுக்கொண்டது கமோஷிதா சுமியேயின் நடிப்பை அல்ல, அவருடைய குடலை.

அந்த வருஷக் கடைசியில் திரையில் முதல் தடவையாக அவள் பெயருக்கு எதிரே ஒரு நிரந்தரப் பாத்திரம் ஓடியது. "இவாமோவின் வயிறு: இசோகாய் கியோமி." நீகாதாவில் அவள் அப்பா அதை வீடியோவில் பிடித்து நிறுத்தி, பஸ் டிப்போவில் எல்லோருக்கும் காட்டினார். "தலையா காலா, எதுவானா என்ன? பேரு வந்துச்சில்ல?" என்றாராம்.

அதன்பிறகு அவளுக்கு வேலைக்குப் பஞ்சமில்லை. போர்ப் படத்தில் பசித்த சிப்பாய்களா, கூப்பிடு இசோகாயை. வயிற்று மருந்து விளம்பரமா, கூப்பிடு. ஹால்டேன் நடித்த சரித்திரப் படம் ஒன்றில் சிறையிலிருக்கும் அரசி பசியில் வாடும் காட்சி வந்தது. அரசியின் வாயாக சென்செய் பேச, அரசியின் வயிறாகப் பக்கத்து மைக்கில் கியோமி கத்தினாள். நான் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து இருவரையும் பார்த்தேன். பார்ப்பதைத் தவிர வேறு என்ன செய்துவிட்டேன்?

பேசும் வேடம் கேட்டு எத்தனையோ குரல் தேர்வுகளுக்குப் போனாள். கண்ணீர் வர வைக்கும்படி வாசிப்பாள். இயக்குநர் கண்ணைத் துடைத்துக்கொண்டு தாளைப் பார்ப்பார். "இசோகாய்... ஓ, அந்த வயிறா!" அவ்வளவுதான், கண்ணீர் காய்ந்துவிடும். காதலைச் சொல்லும் பெண்ணின் குரலுக்குப் பின்னால் இவாமோ நிற்பது போல அவர்களுக்குத் தோன்றும்.

இதற்கு மேல் இன்னொன்றும் சேர்ந்துகொண்டது. எந்த ஸ்டூடியோவில் யார் வயிறு கத்தினாலும் எல்லோருடைய பார்வையும் அவள் பக்கம் போகும். அவளும் பழக்க தோஷத்தில், "மன்னிக்கணும், அது நான்தான்" என்று வணங்கிவிடுவாள். தொழிலுக்கே அது வசதியாகப் போயிற்று. அவள் இருக்கும் நாளில் பெரிய பெரிய நடிகர்கள் சாப்பிடாமல் கவலையில்லாமல் வந்தார்கள். நாற்பது வயதில், ஐம்பது வயதில், தன்னைவிட இருபது வயது இளையவர்களின் வயிற்றுக்கெல்லாம் அவள் மன்னிப்புக் கேட்டாள்.

ஒரு நாள் நடைபாதையில் காப்பி இயந்திரத்தின் அருகே நான் கேட்டேவிட்டேன். "இசோகாய்-சான், அன்னிக்கு அது உங்க வயிறு இல்லன்னு எனக்குத் தெரியும். எதுக்கு இன்னும் சுமக்கறீங்க?"

அவள் காப்பியைக் கையில் வைத்துக்கொண்டு சுற்றிலும் பார்த்தாள். பிறகு தாழ்ந்த குரலில் சொன்னாள். "சென்செய்க்குத் தெரியும் தெராவோ-சான். வருஷா வருஷம் டிசம்பர்ல எனக்குப் பரிசு அனுப்பறாங்க. என்னன்னு நெனைக்கறீங்க? வயித்து மருந்து. பெரிய டப்பா. அவங்களுக்கு நெனப்பிருக்குன்னு எனக்குச் சொல்றதுக்குத்தான் அது. வாய்விட்டுச் சொல்ல முடியாதில்ல, அவங்க எப்பேர்ப்பட்டவங்க? ஒரு நாள் செய்வாங்க பாருங்க."

அந்த ஒரு நாளுக்காகத்தான் அவள் காத்திருந்தாள் என்பது அன்று எனக்கு விளங்கியது. அவள் வீட்டு அலமாரியில் பிரிக்காத மருந்து டப்பாக்கள் வரிசையாக இருந்தனவாம். பிரிப்பானேன்? அவளுக்குத்தான் வயிற்றுக்கோளாறே இல்லையே.

2022 வசந்தத்தில் சென்செய்க்கு எண்பத்தொரு வயது. நீண்ட வசனம் வந்தால் குரல் நடுவில் உட்கார்ந்துவிடுகிறது என்று, ஹால்டேனை விட்டுக்கொடுக்க முடிவு செய்தார். ஹால்டேனுக்கும் அதே வயதுதான், ஆனால் அந்தம்மா ஓய்வதாக இல்லை. எனவே அடுத்த குரல் வேண்டும். வழக்கப்படி பழைய குரல்காரர் ஒரு வார்த்தை சொன்னால் அதற்கு எடை உண்டு. மூன்று பேரைக் கேட்டுப் பார்ப்பது என்று ஏற்பாடாயிற்று. ஒருத்தி டிவியில் சமையல் போட்டி நடத்தும் அழகி. இன்னொருவர் மேடை நடிகை. மூன்றாவது பெயரை சென்செயே சொன்னார். இசோகாய் கியோமி.

செய்தி கேட்ட அன்று கியோமி ஸ்டூடியோவுக்கே ஓடி வந்தாள். ஐம்பத்தாறு வயதில் அப்படி ஓடி நான் யாரையும் பார்த்ததில்லை. "சொன்னேனா இல்லையா?" என்றாள். சொன்னாள்தான்.

தேர்வு நாளன்று சென்செய் கைத்தடியோடு வந்தார். கியோமி கதவைத் திறந்துவிட்டு, இடுப்பு மடிய வணங்கி, "என் பேரச் சொன்னதுக்கு எப்படி நன்றி சொல்றதுன்னே தெரியல சென்செய். அந்த நாள இத்தன வருஷம் மறக்காம..." என்று தொடங்கினாள்.

"எப்படிம்மா மறப்பேன்?" என்று சென்செய் அவள் கையைப் பிடித்துக்கொண்டார். "அன்னிக்கு உன் வயிறு கத்தினதுல எனக்குத் தூக்கிவாரிப் போட்டுச்சு. வசனமே மறந்துபோச்சு. கோபமா வந்துச்சு, அப்பறம் பாவமா இருந்துச்சு. இந்தப் பொண்ணுக்கு என்ன வியாதியோன்னு. மருந்து கேக்குதா? இப்ப கொஞ்சம் தேவலையா?"

நான் அந்த முகத்தை உற்றுப் பார்த்தேன். நடிப்பு இல்லை. நாற்பது வருஷம் நடிப்பைக் கேட்டவன், எனக்குத் தெரியும். சென்செய்க்குத் தெரியாது! தன் வயிறு அப்படிச் செய்யும் என்பதே அவர் நினைப்பில் இல்லை. முப்பத்தொரு வருஷமாக அவர் அனுப்பியது நன்றி அல்ல, மருந்துதான். இன்று கூப்பிட்டதும் கடனைத் தீர்க்க அல்ல. நோயாளிப் பெண், பாவம், அவளுக்கும் ஒரு வாய்ப்பு.

கியோமியின் முகத்தில் ஏதோ ஒன்று அணைந்ததைப் பார்த்தேன். ஒரு நிமிஷம்தான். "இப்ப ரொம்பத் தேவலைங்க சென்செய்" என்று சொல்லிவிட்டு உள்ளே போய் இரண்டாம் மைக்கின் முன் நின்றாள். அந்தக் கிழவியை அப்போது எனக்குக் கைத்தடியோடு வெளியே தூக்கிப் போடலாம் போல இருந்தது. என்னையும் சேர்த்து.

அறையில் நான்கு பேர் இருந்தோம். நடுவில் சோபாவில் சென்செய். ஒரு பக்கம் நெகிஷி, இப்போது தலையில் முடியில்லை. மறுபக்கம் படத்தை வாங்கி வெளியிடும் நிறுவனத்தின் ஷிரகாவா. டிவி அழகிதான் வேண்டும் என்று முன்பே முடிவு செய்துவிட்டுக் கடமைக்கு உட்கார்ந்திருந்தவர். திரையில் ஹால்டேன் மருத்துவமனைப் படுக்கை அருகே மகனிடம் பேசுகிறார். கியோமி வாசித்தாள். சென்செயைப் போலப் பேச அவள் முயலவே இல்லை. எதிர்பார்க்க இனி ஒன்றுமில்லாதவள் பேசுவது போல, அந்தத் தாய் எங்கே மூச்சு வாங்கினாளோ அங்கே தானும் வாங்கிக்கொண்டு, அவசரமில்லாமல் பேசினாள். ஷிரகாவாகூட கைபேசியைக் கீழே வைத்தார்.

முடிந்ததும் நெகிஷி ஏதோ சொல்லப் பொத்தானை அழுத்தினார். சொல்ல வார்த்தை தேடிக்கொண்டிருந்தார். அந்த மௌனத்தில் வந்தது.

பழைய மரக்கதவு இழுபட்டது. உருண்டது. கேள்வி கேட்டது.

எங்கள் அறையில், சோபாவிலிருந்து. பொத்தான் அழுத்தியபடி இருந்ததால் உள்ளே ஒலிபெருக்கியிலும் முழங்கியது. நாட்டில் பல் முளைத்த பிள்ளைக்கெல்லாம் தெரிந்த சத்தம்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தனியே நின்ற கியோமி இடுப்பு மடிய வணங்கினாள். "மன்னிக்கணும். அது நான்தான்."

"சேச்சே, என்னுது" என்றார் ஷிரகாவா அவசரமாக. "காலையில காப்பி மட்டுந்தான் குடிச்சேன்."

"உங்களுது இல்ல, என்னுது" என்றார் நெகிஷி. "வயசாச்சுல்ல?"

சென்செய் தன் வயிற்றின் மேல் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். முகம் வெளுத்திருந்தது. "இது நான்" என்றார்.

"இல்லவே இல்ல சென்செய்!" என்றார்கள் இருவரும் ஒரே குரலில். "ஏசி மெஷின்" என்று ஷிரகாவா மேலே கையைக் காட்டினார். ஏசி ஓடவில்லை. தன் வயிறு தன்னுடையதுதான் என்று ஒரு மனுஷி தானே சொல்லியும் நம்ப மாட்டோம் என்று இரண்டு ஆம்பிளைகள் சத்தியம் செய்துகொண்டிருந்தார்கள்.

சென்செய் என் பக்கம் திரும்பினார். "தெராவோ-சான். இங்க காது உள்ளவர் நீங்க ஒருத்தர்தான். யாருது?"

பூனைக்கு மணி கட்டும் வேலை எனக்கு வந்து சேர்ந்தது. நெகிஷி என் முழங்காலைத் தன் முழங்காலால் இடித்தார். நான் நகர்ந்து உட்கார்ந்தேன்.

"உங்களுதுதாங்க சென்செய்."

"அன்னிக்கு?"

"அன்னிக்கும். இரண்டாம் மைக். நான் பாத்தேன்."

"முப்பத்தொரு வருஷமா அந்தப் பொண்ணுக்கு நான் வயித்து மருந்து அனுப்பியிருக்கேன்" என்றார் சென்செய் மெதுவாக. "நீங்க பாத்துட்டு சும்மா இருந்தீங்க."

"இருந்தேங்க" என்றேன். நெகிஷியும் ஷிரகாவாவும் கூரையை ஆராய்ந்துகொண்டிருந்தார்கள்.

சென்செய் கைத்தடியை ஊன்றி எழுந்து, கண்ணாடிக்கு நேராகப் போய் நின்று, எண்பத்தொரு வயது முதுகு எவ்வளவு வளையுமோ அவ்வளவு வளைந்தார். நிமிர்ந்து, நெகிஷியின் விரலை விலக்கித் தானே பொத்தானை அழுத்தினார்.

"இசோகாய்-சான். என் வயித்த எங்கிட்டத் திருப்பிக் குடுத்துடு. என் வாய நீ எடுத்துக்கோ."

கியோமி வசனத் தாளால் முகத்தை மூடிக்கொண்டாள். தாள் நடுங்கும் சத்தம் இரண்டாம் மைக்கில் தெளிவாக விழுந்தது. ஷிரகாவா டிவி அழகியைப் பற்றி மெல்ல ஆரம்பித்தார். சென்செய் அவரைத் திரும்பிப் பார்த்தார், அவர் நிறுத்திக்கொண்டார்.

சொன்ன சொல்லை சென்செய் காப்பாற்றினார். இன்னும் ஓடிக்கொண்டிருக்கும் அந்த அனிமேயின் அடுத்த பருவத்தில் இவாமோவின் வயிற்றுக்குத் தானே பேசுவேன் என்று ஒற்றைக்காலில் நின்றார். ஆனால் வயிறு சொன்ன நேரத்தில் கத்துமா? அரை நாள் பட்டினி கிடந்தார், மகள் திட்டினாள். கடைசியில் கியோமி அவரை அதே கரோக்கே அறைக்குக் கூட்டிப்போய்த் தொண்டையை அடைக்கக் கற்றுக்கொடுத்தாள். கற்றுக்கொண்டு வந்து சென்செய் செய்த சத்தம் ஒளிபரப்பானதும் கடிதங்கள் வந்தன. "இவாமோவின் வயிறு மாறிவிட்டது, பழையதுதான் அசல், இது போலி" என்று. சென்செய் அந்தக் கடிதங்களைப் படிக்கச் சொல்லிக் கேட்டு, கண்ணில் நீர் வரச் சிரித்தார். பெயர்ப் பட்டியலின் கடைசியில், கிராமத்துப் பெண் 'ஆ'வுக்கும் கீழே, இப்போது அவர் பெயர் ஓடுகிறது.

கியோமிக்கு ஹால்டேனின் புதுப்படம் வந்தது. பெயர் உள்ள பாத்திரம். பட்டியலில் முதல் பெயர். அன்னை பியட்ரிஸ் என்ற கன்னியர் மடத்துத் தலைவி. வயிற்றுக் கூலி போதாமல் இன்னும் போய்வந்த பென்தோ கடையில் மூன்று நாள் லீவு சொல்லிவிட்டு, வசனப் புத்தகத்தை வாங்கிப் பிரித்தாள். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க வேண்டாமா? அன்னை பியட்ரிஸ் மௌன விரதம் பூண்டவர். படம் முழுக்க ஒரு வார்த்தை பேசுவதில்லை. அவர் பெயருக்கு எதிரே பக்கம் பக்கமாக அச்சாகியிருந்தது ஒன்றே ஒன்று: "(மூச்சு)."

எனக்கு ஆத்திரம் பொங்கியது. "என்னங்க இது அநியாயம்? முப்பத்தொரு வருஷம்..." என்றேன்.

"எண்ணிட்டேன் தெராவோ-சான்" என்றாள் அவள். "நூத்திப் பன்னண்டு மூச்சு. எல்லாரும் அவங்களப் பேரு சொல்லித்தான் கூப்பிடறாங்க. பத்தொன்பது தடவ."

இப்போதெல்லாம் ஒவ்வொருவரையும் தனித்தனியாகத்தான் பதிகிறோம். அன்று ஸ்டூடியோவில் அவள் மட்டும் இருந்தாள். கதவருகே நாற்காலி காலி. இந்தப் பக்கம் நான் மட்டும். பருத்திச் சட்டை, சத்தமில்லாத செருப்பு, இரண்டாம் மைக். திரையில் ஒருவர் "அன்னை பியட்ரிஸ்" என்று கூப்பிட, ஹால்டேன் திரும்பி மூச்சு விட, இவளும் விட்டாள். ஒரு மூச்சில் கோபம், ஒரு மூச்சில் மன்னிப்பு. கும்பல் சத்தத்திலும் குடல் சத்தத்திலும் முப்பது வருஷம் கிடந்தவளுக்கு வார்த்தை தேவைப்படவில்லை.

தொண்ணூறாவது மூச்சு இருக்கும். மகனைப் போல வளர்த்தவன் இறந்துகிடக்கிறான், அன்னை அவனருகே முழந்தாளிடுகிறார், படத்தில் ஒரு சத்தமும் இல்லை. அப்போது ஒரு சின்னச் சத்தம் கேட்டது. தண்ணீர்க் குழாயில் காற்று நகர்வது போல, "க்யூ" என்று. கேள்வியும் கேட்கவில்லை, உருளவும் இல்லை. இரண்டாம் முள் கொஞ்சமாக எழுந்து உட்கார்ந்தது. அன்று அவள் பதற்றத்தில் காலையிலிருந்து ஒன்றும் சாப்பிடவில்லை என்று பிறகு சொன்னாள்.

நான் படத்தை நிறுத்தினேன்.

அவள் கண்ணாடி வழியே என்னைப் பார்த்தாள். பிறகு இடுப்பு மடிய வணங்கி, எத்தனையோ பேருக்காகச் சொல்லிச் சொல்லித் தேய்ந்த அந்த வாக்கியத்தை, வாழ்நாளில் முதல் தடவையாக உண்மையாகச் சொன்னாள்.

"மன்னிக்கணும் தெராவோ-சான். அது நான்தான்."

"கேட்டுச்சு" என்றேன். அந்த மூச்சை மறுபடி எடுத்தோம்.